நிலமறிந்த நீதிபதிகள்

1878-ஆம் ஆண்டு, சென்னை உயர் நீதிமன்றத்தின் நீதிபதி இருக்கையில் முதன்முதலாக ஓர் இந்தியர் அமர்ந்தார். அவர் தி. முத்துசாமி ஐயர். சிறு வயதில் திருவாரூர்ப் பக்கம் கிராமக் கணக்கருக்கு உதவியாளாக மாதம் ஒரு ரூபாய்க்கு வேலை பார்த்தவர். அந்த நியமனத்தை ஆங்கிலேயர் நடத்திய பத்திரிகைகளால் பொறுக்க முடியவில்லை. அவற்றுக்குப் பதில் சொல்ல இந்தியர் கையில் ஒரு பத்திரிகை இல்லையே என்ற ஆதங்கத்தில் திருவல்லிக்கேணி இளைஞர்கள் ஆறு பேர் ஒன்று கூடினார்கள். ஒன்றே முக்கால் ரூபாய் கடன் வாங்கி 80 பிரதிகள் அச்சிட்டார்கள். 1878 செப்டம்பர் 20 அன்று அப்படி வெளிவந்த வார இதழ்தான் 'தி இந்து'.

ஒரு நீதிபதியின் நியமனத்திலிருந்து ஒரு பத்திரிகை பிறந்த கதை பலமுறை சொல்லப்பட்டுவிட்டது. அந்த நீதிபதி எப்படி உருவானார் என்பது அந்த அளவுக்குப் பேசப்படவில்லை. அதைத் தருமபுரியிலிருந்து பேச எனக்கு இரண்டு காரணங்கள் உண்டு. முத்துசாமி ஐயர் நீதித்துறையில் கால்வைத்த முதல் படி மாவட்ட முன்சீப் பதவி. 1816-இல் அந்தப் பதவியைச் சென்னை மாகாணத்தில் ஏற்படுத்திய மனிதர், கிராமம் என்பது எப்படி இயங்குகிறது என்று கற்றுக்கொண்டது எங்கள் ஊரில். இரண்டாவது காரணம், இதே தருமபுரியின் நீதிமன்றத்தில் 2011-இல் வாசிக்கப்பட்ட ஒரு தீர்ப்பு. இரண்டுக்கும் இடையே இருநூறு ஆண்டுகள் நீளும் ஒரு தொடர்ச்சி இருக்கிறது.

1792-இல் ஸ்ரீரங்கப்பட்டண உடன்படிக்கையின்படி திப்பு சுல்தான் தருமபுரி உள்ளிட்ட பாராமகாலைக் கிழக்கிந்தியக் கம்பெனியிடம் விட்டுக்கொடுத்தார். அதை நிர்வகிக்கக் கம்பெனிக்கு ஊர் மொழி தெரிந்த ஆட்கள் தேவைப்பட்டார்கள். கேப்டன் அலெக்சாண்டர் ரீட் தலைமையில் மூன்று ராணுவ அதிகாரிகள் உதவியாளர்களாக அனுப்பப்பட்டார்கள். அவர்களில் ஒருவர் தாமஸ் மன்றோ. கிளாஸ்கோவில் பிறந்து, 1780-இல் காலாட்படைக் கேடட்டாகச் சென்னைக்கு வந்து இறங்கியவர். தருமபுரியை இருப்பிடமாகக் கொண்டு 1799 வரை ஏறத்தாழ ஏழு ஆண்டுகள் இங்கே இருந்தார். ஊர் ஊராகக் குதிரையில் போய், கூடாரம் அடித்துத் தங்கி, வயல் வயலாக அளந்து, குடியானவரோடு நேருக்கு நேர் பேசி வரி முடிவு செய்தார். பின்னாளில் ரயத்துவாரி என்று பேர் பெற்ற முறை இந்த மண்ணில் இப்படித்தான் கருக்கொண்டது.

வரி முடிவு செய்யப் போனவருக்கு வழக்குகளும் வந்து சேர்ந்தன. ஏரித் தண்ணீர்த் தகராறு, வரப்புத் தகராறு, மானிய நிலம் யாருக்கு என்ற சண்டை. இவற்றை அந்த ஊரிலேயே உட்கார்ந்து, அந்த ஊர்ப் பெரியவர்களை வைத்துத் தீர்த்தால் ஒரு நாளில் முடியும் என்பதை மன்றோ கண்ணால் கண்டார். அதனால்தான் 1802-இல் சென்னை மாகாணத்தில் ஜில்லா கோர்ட்டுகள் நிறுவப்பட்டபோது அவருக்கு அது உவக்கவில்லை. மொழி தெரியாத ஆங்கிலேய நீதிபதி ஒருவர் ஒரு ஜில்லாவுக்கே உட்கார்ந்திருப்பார். பத்து ரூபாய்க் கடன் வழக்குக்காகக் குடியானவர் நாள் கணக்கில் நடக்க வேண்டும். வழக்குகள் மலையாகக் குவிந்தன.

1814-இல் மன்றோ நீதித்துறை ஆணையத்தின் தலைவராகத் திரும்பி வந்தார். 1816-இல் அவர் கைப்பட்ட ஒழுங்குமுறைச் சட்டங்கள் வரிசையாக வெளிவந்தன. கிராம மணியக்காரரே முன்சீப்பாக இருந்து பத்து ரூபாய் வரையிலான வழக்குகளைத் தீர்க்கலாம். ஊர்ப் பஞ்சாயத்துக்கும் சட்ட அங்கீகாரம் கிடைத்தது. அதற்கு மேல், இந்தியர்களே நீதிபதிகளாக இருக்கும் மாவட்ட முன்சீப் நீதிமன்றங்கள். நீதி ஊருக்குப் பக்கத்தில் இருக்க வேண்டும், ஊரை அறிந்தவரே அதை வழங்க வேண்டும் என்பதே இவற்றின் அடிநாதம். கிராம முன்சீப் பதவி 1980-இல் எம்.ஜி.ஆர். ஆட்சியில் ஒழிந்தது. மாவட்ட முன்சீப் நீதிமன்றம் இன்றுவரை நிற்கிறது. பலகையில் உரிமையியல் நீதிமன்றம் என்று எழுதியிருந்தாலும், பென்னாகரத்திலும் அரூரிலும் பாலக்கோட்டிலும் வாய்தாவுக்குப் போகிறவர்கள் 'முன்சீப் கோர்ட்டுக்குப் போறேன்' என்றுதான் இன்னமும் சொல்கிறார்கள்.

மன்றோவைத் தருமபுரியில் பெருமையோடு நினைக்கிறவர்கள் உண்டு. நானும் நினைக்கிறேன். ஆனால் அதே 1816-இன் மற்ற இரண்டு சட்டங்களையும் சேர்த்தே அவரை மதிப்பிட வேண்டும். ஒன்பதாம் ஒழுங்குமுறை, மாஜிஸ்திரேட் அதிகாரத்தை நீதிபதியிடமிருந்து எடுத்துக் கலெக்டரிடம் கொடுத்தது. வரி வசூலிப்பவர், போலீசை நடத்துபவர், குற்றம் சாட்டப்பட்டவரைச் சிறைக்கு அனுப்புபவர் என்று எல்லாம் ஒரே ஆள் ஆனார். பதினோராம் ஒழுங்குமுறையின்படி, கிராமத் தலைவர் சிறு குற்றங்களுக்குத் தண்டனை தரலாம். குற்றவாளி 'தாழ்ந்த சாதி'யாக இருந்தால் ஆறு மணி நேரம் வரை தொழுமரத்தில் காலை மாட்டி உட்கார வைக்கலாம். மேல்சாதிக்காரருக்கு அந்தத் தண்டனை இல்லை. ஊரை அறிந்தவர் நீதி வழங்க வேண்டும் என்றார் மன்றோ. ஊரில் யார் யாரை மிதிக்கிறார்கள் என்பதையும் அறிந்திருக்க வேண்டும் என்பதை அவர் கணக்கில் எடுக்கவில்லை. ஊரின் ஏற்றத்தாழ்வை அப்படியே சட்டப் புத்தகத்தில் எழுதிவிட்டார். இந்த இரண்டு தவறுகளும் பின்னால் என்ன செய்தன என்பதற்குப் பிறகு வருகிறேன்.

முத்துசாமி ஐயர் 1832 ஜனவரி 28 அன்று தஞ்சை ஜில்லாவில் உச்சுவாடி என்ற சிற்றூரில் பிறந்தார். தந்தை சீக்கிரமே காலமானார். குடும்பம் திருவாரூருக்கு வந்தது. பள்ளிக்கூடம் போக வேண்டிய வயதில் கணக்கருக்கு உதவியாளாகப் போக வேண்டிய நிலை. கிராமக் கணக்கு என்பது சாதாரண வேலை அல்ல. எந்த வயலில் யார் உழுகிறார், யார் பேரில் பட்டா, எந்த வாய்க்காலில் யாருக்கு எத்தனை நாழிகைத் தண்ணீர், எந்த வருஷம் தரிசு விட்டது, எந்த மானியம் எந்தக் கோயிலுக்கு என்று ஓர் ஊரின் உடைமை முழுவதும் அந்த ஓலைகளிலும் காகிதங்களிலும்தான் இருக்கும். பத்துப் பன்னிரண்டு வயதில் அந்தச் சிறுவன் அதற்குள் வாழ்ந்தான்.

திருவாரூரின் தாசில்தார் முத்துசாமி நாயக்கர் அவனைக் கண்டுபிடித்த கதையை வாழ்க்கைக் குறிப்புகள் சொல்கின்றன. ஆற்றில் உடைப்பு எடுத்ததாகத் தகவல் வந்த நேரம். உடனடியாகப் போய்ப் பார்த்துவர ஆள் இல்லை. அந்தச் சிறுவன் போய்ப் பார்த்து, எங்கே உடைந்தது, எவ்வளவு சேதம் என்று துல்லியமாகச் சொன்னான். நாயக்கர் அவனைக் கவனிக்கத் தொடங்கினார். பிறகு படிக்க அனுப்பினார். நாகப்பட்டினத்தில் கொஞ்ச காலம், பின் சென்னை. அங்கே பவல் என்ற ஆசிரியர். பின்னாளில் மாநிலக் கல்லூரியாக வளர்ந்த பள்ளியின் தலைவர் அவர். 1854-இல் மாகாணக் கல்விக் குழு நடத்திய கட்டுரைப் போட்டியில் முத்துசாமி ஐயர் 500 ரூபாய்ப் பரிசு வென்றார். ஒரு ரூபாய்ச் சம்பளத்தில் தொடங்கியவருக்கு அது எத்தகைய தொகை என்று சொல்ல வேண்டியதில்லை. தெருவிளக்கின் கீழ் படித்தார் என்று எங்கள் பள்ளிக்கூட நாளில் ஆசிரியர்கள் சொல்வார்கள். அந்த விளக்கைவிட எனக்கு முக்கியமாகப் படுவது நாயக்கர். வேறு சாதியைச் சேர்ந்த ஓர் ஏழைச் சிறுவனின் அறிவை அடையாளம் கண்டு, தன் பொறுப்பில் படிக்கவைத்த ஒரு தாலுகா அதிகாரி. நல்ல நீதிபதி ஒருவர் உருவானதற்குப் பின்னால் ஒரு நல்ல தாசில்தார் இருந்தார்.

படிப்பு முடிந்து சிறு வேலைகள், பள்ளிகளின் துணை ஆய்வாளர் பதவி. வக்கீல் தேர்வில் தேறினார். தரங்கம்பாடியில் மாவட்ட முன்சீப் ஆனார். தரங்கம்பாடியை டேனிஷ்காரர்கள் கம்பெனிக்கு விற்றது 1845-இல். புதிதாகக் கைமாறிய ஊரில், இரண்டு ஆட்சிகளின் பத்திரங்களோடு வரும் வழக்குகளைப் பார்க்கும் இடத்தில் அவர் நீதி வழங்கத் தொடங்கினார். பின்னர் துணைக் கலெக்டர், மங்களூரில் சார்பு நீதிபதி. வேலையில் இருந்துகொண்டே சட்டப் பட்டமும் பெற்றார்.

1868-இல் சென்னையில் போலீஸ் மாஜிஸ்திரேட் ஆனார். இந்தக் காலத்துச் சம்பவம் ஒன்றை அவர் வாழ்க்கையை எழுதியவர்கள் விடாமல் குறிப்பிடுகிறார்கள். உயர் நீதிமன்ற நீதிபதியாக இருந்த ஓர் ஆங்கிலேயர், தன் வளவுக்குள் நுழைந்த ஓர் இந்தியரை அடித்துவிட்டார். புகார் முத்துசாமி ஐயரிடம் வந்தது. அவ்வளவு பெரிய மனிதரை நேரில் வரவழைக்க வேண்டாம் என்று மேலதிகாரியே சொல்லிப் பார்த்தார். ஐயர் கேட்கவில்லை. சம்மன் போனது. நீதிபதி வந்தார். மூன்று ரூபாய் அபராதம். தொகை சிறியதுதான். 1857 கிளர்ச்சி முடிந்து பத்துப் பன்னிரண்டு ஆண்டுகளே ஆன நிலையில், வெள்ளைக்கார நீதிபதியைக் கூண்டுக்கு அழைக்கும் துணிவு அன்று எத்தனை பேருக்கு இருந்திருக்கும்! அடிபட்டவன் யார், அடித்தவன் யார் என்பதைத் தவிர வேறெதையும் அவர் பார்க்கவில்லை. நீதிபதி என்ற சொல்லுக்கு இதைவிட நல்ல விளக்கம் எனக்குத் தெரியாது.

1871-இல் சிறு வழக்குகள் நீதிமன்ற நீதிபதி, 1878-இல் உயர் நீதிமன்றம். கல்கத்தாவில் சம்புநாத் பண்டிட் 1863-இலேயே உயர் நீதிமன்ற நீதிபதியாகிவிட்டார். சென்னை அதற்குப் பதினைந்து ஆண்டுகள் பின்தங்கியிருந்தது. அப்படியிருந்தும் எதிர்ப்பு. இந்தியருக்கு ஏன் ஆங்கிலேயருக்குரிய சம்பளம், இந்தப் பொறுப்பைச் சுமக்கும் தகுதி இவர்களுக்கு உண்டா என்றெல்லாம் கேட்டார்கள். ஐயர் அதற்குப் பேசிப் பதில் சொல்லவில்லை. பதினேழு ஆண்டுகள் தீர்ப்புகளால் சொன்னார். சட்டத் தீர்ப்புத் திரட்டின் சென்னை வரிசை 1876-இல்தான் தொடங்கியது. அதன் முதல் தொகுதிகளைப் புரட்டுகிறவர், இந்துக் குடும்பச் சொத்து, தத்து, மானியம், கோயில் நிர்வாகம், நில உரிமை என எங்கு பார்த்தாலும் அவர் பெயரைப் பார்க்கலாம்.

அவர் தீர்ப்புகளின் வலிமை சட்ட நூல் அறிவு மட்டும் அல்ல. அந்த நூலறிவு அவர் பக்கத்தில் அமர்ந்திருந்த ஆங்கிலேய நீதிபதிகளுக்கும் இருந்தது. ஒரு மானிய நில வழக்கில் கர்ணம் எழுதிய கணக்கு ஆதாரமாக வரும்போது, அது எந்தச் சூழலில் எழுதப்பட்டிருக்கும், எங்கே திருத்த இடம் உண்டு, எதை யாரும் திருத்தத் துணியமாட்டார்கள் என்பதைத் தன் பிள்ளைப் பருவத்திலிருந்தே அறிந்தவர் அந்த அமர்வில் அவர் ஒருவர்தான். சாட்சி சொல்ல வந்த குடியானவர் தயங்கினால், அது பொய்க்கான தயக்கமா, மேடைக் கூச்சமா, மிராசுதாருக்கு அஞ்சிய மௌனமா என்று பிரித்தறியும் காதும் அவருக்கு இருந்திருக்க வேண்டும். மொழிபெயர்ப்பாளர் வாய்வழியே சாட்சியத்தைக் கேட்டவர்களுக்கு அது வாய்க்காது.

1891-இல் மலபார் திருமண ஆணையத்துக்குத் தலைவரானார். தலைவராக இருந்துகொண்டே பெரும்பான்மைக் கருத்தோடு ஒத்துப்போகாமல் தனிக்குறிப்பு எழுதினார். மக்களின் பெரும்பகுதி கேட்காத ஒரு சட்டத்தை மேலிருந்து திணிக்கக் கூடாது என்பது அவர் நிலை. இந்த இடத்தில் நான் அவரோடு உடன்படவில்லை. பெண்களின், குழந்தைகளின் உரிமை என்று வரும்போது பெரும்பான்மை கேட்கும்வரை சட்டம் காத்திருந்தால் அது எந்தக் காலத்திலும் வராது. பழக்கத்தை மதிக்கும் அவர் மனம் அங்கே எல்லை தாண்டிவிட்டது என்றே நினைக்கிறேன்.

1892 ஜூலை 12 அன்று திறக்கப்பட்ட சிவப்புக் கட்டடத்தில், இன்றைய உயர் நீதிமன்றத்தில், அவர் கடைசி ஆண்டுகள் அமர்ந்தார். 1893-இல் சில மாதங்கள் தற்காலிகத் தலைமை நீதிபதி. அந்த இருக்கையில் ஓர் இந்தியர் நிரந்தரமாக அமர 1948 வரை, பி.வி. ராஜமன்னார் வரும்வரை, காத்திருக்க வேண்டியிருந்தது. 1895 ஜனவரி 25 அன்று, 63 வயது நிறைவதற்கு மூன்று நாள் இருக்கும்போது முத்துசாமி ஐயர் மறைந்தார். உயர் நீதிமன்றத்தில் அவருக்குப் பளிங்குச் சிலை வைத்தார்கள்.

அவர் ஏறிய ஏணி பிறகு என்ன ஆனது? இந்தியருக்குக் கதவு திறந்தது என்கிறோம். எந்த இந்தியருக்கு? தொழுமரத்தில் காலை மாட்டலாம் என்று 1816-இன் சட்டம் குறித்துவைத்த மக்களிலிருந்து ஒருவர் சென்னை உயர் நீதிமன்ற நீதிபதியாக 1973 வரை ஆயிற்று. ஐயர் அமர்ந்து 95 ஆண்டுகள் கழித்து. அவர் ஏ. வரதராஜன். பழைய பாராமகால் எல்லையிலேயே இருக்கும் ஜோலார்ப்பேட்டையில் பிறந்தவர். திருப்பத்தூரில் வக்கீல் தொழில் செய்து, 1949-இல் மாவட்ட முன்சீப்பாகத் தொடங்கி, சார்பு நீதிபதி, மாவட்ட நீதிபதி, உயர் நீதிமன்ற நீதிபதி என்று ஒரு படியும் விடாமல் ஏறி, 1980-இல் உச்ச நீதிமன்றத்தின் முதல் தலித் நீதிபதியானார். உச்ச நீதிமன்றத்தின் முதல் பெண் நீதிபதியும் பின்னாளில் நம் ஆளுநருமான பாத்திமா பீவி 1958-இல் கேரளத்தில் முன்சீப்பாகவே தொடங்கினார். இவர்கள் மூவரும் பெருநகரத்துப் பெரிய வக்கீல் குடும்பங்களிலிருந்து நேராக மேல் நீதிமன்றம் போனவர்கள் அல்ல. கீழ் நீதிமன்றத்தின் புழுக்கத்திலும் கூட்டத்திலும் பழகியவர்கள்.

இனி மன்றோவின் இரண்டு தவறுகளுக்கு வருகிறேன்.

1992 ஜூன் 20. அரூரை அடுத்த சித்தேரி மலையடிவாரத்தில் வாச்சாத்தி. சந்தனக் கட்டை தேடுவதாகச் சொல்லிக்கொண்டு வனத்துறை, காவல்துறை, வருவாய்த்துறை மூன்றும் சேர்ந்து ஊருக்குள் நுழைந்தன. வீடுகள் உடைக்கப்பட்டன. தானியம், ஆடு, கோழி எதுவும் மிஞ்சவில்லை. 18 பெண்கள் பாலியல் வன்கொடுமைக்கு ஆளாக்கப்பட்டார்கள். 90 பெண்கள், 28 குழந்தைகள், 15 ஆண்கள் என 133 பேர் பிடிக்கப்பட்டுச் சேலம் சிறையில் அடைக்கப்பட்டார்கள். வரி, போலீஸ், வனம் எல்லாம் ஒரே கையாகச் சேர்ந்தால் ஊருக்கு என்ன நேரும் என்பதற்கு இதைவிடச் சாட்சியம் தேவையில்லை. யாரை மிதிக்கலாம் என்று மேலே இருப்பவர்கள் ஏற்கெனவே முடிவு செய்துவைத்திருந்தார்கள் என்பதற்கும் இதுவே சாட்சியம். அவர்கள் மலையாளி என்ற பழங்குடி மக்கள்.

நீதித்துறையும் நிர்வாகமும் பிரிந்திருக்க வேண்டும் என்று அரசமைப்புச் சட்டத்தின் 50-வது பிரிவு சொல்கிறது. 1974 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்த குற்றவியல் நடைமுறைச் சட்டம் அந்தப் பிரிவினையை நாடு முழுவதும் உறுதியாக்கியது. ஆகவே 1992-இல் கலெக்டரின் கையில் மாஜிஸ்திரேட் அதிகாரம் முழுமையாக இல்லை. இருந்தும் ஒரே நாளில் ஓர் ஊரே, கைக்குழந்தை வைத்திருந்த தாய்மார் உட்படச் சிறைக்குப் போனது. அந்த ரிமாண்ட் வேளையில் 'ஒரு கிராமத்தின் பெண்கள் மொத்தமும் எப்படிக் கடத்தல்காரர்கள் ஆனார்கள், குழந்தைகள் ஏன் இங்கே நிற்கிறார்கள்' என்று உரக்கக் கேட்கப்பட்டிருந்தால் நியாயத்துக்காக இத்தனை ஆண்டுகள் காத்திருக்க வேண்டியிருந்திருக்காது. சட்டம் அதிகாரங்களைப் பிரித்து வைத்தது. அந்தப் பிரிவினைக்கு உயிர் கொடுக்க வேண்டியது நீதிபதி இருக்கையில் இருப்பவரின் கேள்வி.

அரசு மறுத்தது. தமிழ்நாடு மலைவாழ் மக்கள் சங்கமும் மார்க்சிஸ்ட் கட்சியும் விடவில்லை. 1995-இல் சென்னை உயர் நீதிமன்றம் வழக்கை சி.பி.ஐ.யிடம் ஒப்படைத்தது. 269 பேர் மீது குற்றப்பத்திரிகை. வாச்சாத்திப் பெண்கள் அடையாள அணிவகுப்பில் சீருடைக்காரர்களின் முகத்தைப் பார்த்து விரல் நீட்டினார்கள். கூலியை விட்டுவிட்டு வாய்தா வாய்தாவாகப் பஸ் ஏறி வந்து, கூண்டில் நின்று, நினைக்கவே கூசும் விஷயங்களைக் குறுக்கு விசாரணையில் மறுபடி மறுபடி சொன்னார்கள். 2011 செப்டம்பர் 29 அன்று தருமபுரி முதன்மை மாவட்ட அமர்வு நீதிபதி எஸ். குமரகுரு தீர்ப்பு வாசித்தார். 54 பேர் அதற்குள் இறந்துபோயிருந்தார்கள். மீதமிருந்த 215 பேரும் குற்றவாளிகள்: வனத்துறை 126, காவல்துறை 84, வருவாய்த்துறை 5. அவர்களில் 17 பேர் மீது பாலியல் வன்கொடுமைக் குற்றம் உறுதியானது. இத்தனை அரசு ஊழியர்களை ஒரே வழக்கில், ஒருவர்கூட விடுபடாமல், குற்றவாளிகள் என்று சொன்ன நீதிமன்றம் நம் ஊர் நீதிமன்றம். தருமபுரி என்றாலே வறட்சி, பெண் சிசுக்கொலை என்று எழுதிப் பழகிய வெளியூர்க்காரர்களுக்கு நான் இதை நினைவூட்ட விரும்புகிறேன்.

குற்றவாளிகள் மேல்முறையீடு செய்தார்கள். பன்னிரண்டு ஆண்டுகள் ஓடின. 2023 மார்ச்சில் மேல்முறையீட்டை விசாரித்த உயர் நீதிமன்ற நீதிபதி பி. வேல்முருகன் நேராக வாச்சாத்திக்கு வந்தார். சம்பவம் நடந்த இடங்களைச் சுற்றிப் பார்த்தார். மக்களிடம் பேசினார். அதே ஆண்டு செப்டம்பர் 29 அன்று, தருமபுரித் தீர்ப்பு வந்து சரியாகப் பன்னிரண்டு ஆண்டுகள் ஆன நாளில், மேல்முறையீடுகளைத் தள்ளுபடி செய்தார். பாதிக்கப்பட்ட 18 பெண்களுக்கும் தலா 10 லட்சம் ரூபாய் இழப்பீடு, அதில் பாதியைக் குற்றவாளிகளிடமிருந்தே வசூலிக்க வேண்டும் என்றார். அன்றைய மாவட்ட ஆட்சியர், காவல் கண்காணிப்பாளர், மாவட்ட வன அலுவலர் மீது நடவடிக்கை எடுக்கவும் உத்தரவிட்டார். ஓர் ஊரைச் சூறையாடும்போது அந்த மாவட்டத்தின் தலைமை கண்ணை மூடியிருந்தது குற்றம் என்று சொன்ன தீர்ப்பு இது. 1816-இல் தொடங்கிய ஒரு பழக்கத்துக்குத் தருமபுரி மண்ணிலிருந்தே கிடைத்த பதில் என்று இதைப் படிக்கிறேன்.

அந்த மார்ச் மாதப் பயணத்தை நான் பெரிதாக நினைக்கிறேன். சென்னையில் கோப்பு இருந்தது. சாட்சியங்கள் எல்லாம் எழுத்தில் இருந்தன. அவற்றை வைத்தே தீர்ப்பு எழுதியிருக்கலாம். 'இந்த ஏரிக்கரையில்தான்' என்று ஒரு பெண் முப்பது ஆண்டுகளுக்கு முன் சொன்ன வாக்கியத்தை, அந்த ஏரிக்கரையில் நின்று படிப்பது வேறு. ஊரிலிருந்து அது எவ்வளவு தொலைவு, கத்தினால் யாருக்குக் கேட்கும், தப்பி ஓட வழி உண்டா, மலை எந்தப் பக்கம் என்பதெல்லாம் காகிதத்தில் இருக்காது. ஆற்றின் உடைப்பைப் போய்ப் பார்த்துவிட்டு வந்து சொன்ன திருவாரூர்ச் சிறுவனுக்கு நேர் வாரிசாக எனக்கு இது தோன்றுகிறது.

நீதிபதி மக்களிடமிருந்து விலகியிருக்க வேண்டும், ஊருக்குள் போனால் சார்பு வந்துவிடும் என்று மூத்த வழக்கறிஞர்கள் சொல்வதைக் கேட்டிருக்கிறேன். அந்தக் கவலை நியாயமானது. வழக்காடுகிறவரோடு நெருங்கக் கூடாதுதான். அதற்காக வழக்கு நடந்த நிலத்தை அறியாமல் இருக்க வேண்டும் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 18-வது கட்டளை, 18-வது விதி, வழக்குச் சொத்தை நீதிபதி நேரில் பார்வையிடலாம் என்கிறது. குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 310-வது பிரிவும், இரு தரப்புக்கும் அறிவித்துவிட்டுச் சம்பவ இடத்தைப் பார்க்கலாம் என்று அதிகாரம் தந்தது. அதிகாரம் இருந்தும் அது அரிதாகவே பயன்படுகிறது. நிலத் தகராறு என்றால் ஒரு வழக்கறிஞரை ஆணையராக அனுப்பி அறிக்கை வாங்குவதோடு முடிந்துவிடுகிறது.

இன்று உரிமையியல் நீதிபதி தேர்வில் சிறு வயதிலேயே தேறி வருகிறார்கள். சட்டம் நன்றாகப் படித்தவர்கள். 2024-இல் ஜவ்வாது மலையைச் சேர்ந்த மலையாளிப் பழங்குடிப் பெண் ஒருவர் அந்தத் தேர்வில் வென்று நீதிபதியானதைத் தமிழ்நாடே கொண்டாடியது. வாச்சாத்தி மக்களின் இனத்திலிருந்தே ஒருவர் அந்த முதல் படியில் கால்வைத்திருக்கிறார் என்பது எனக்குப் பெரிய நம்பிக்கை தருகிறது. ஆனால் எல்லோரும் மலையில் பிறந்தவர்களாக இருக்க முடியாது. சென்னையிலோ கோவையிலோ வளர்ந்து அரூருக்கு முதல் பணியாக வருகிற ஓர் இளம் நீதிபதிக்கு, வனச்சட்ட வழக்கில் தன் முன் நிறுத்தப்படும் சித்தேரி மனிதர் எந்த மாதிரி ஊரிலிருந்து வருகிறார் என்று தெரிய வாய்ப்பே இல்லை. அவர் கடுக்காயும் புளியும் பொறுக்கப் போனாரா, மரம் வெட்டப் போனாரா என்பதைப் போலீஸ் எழுதிக் கொடுக்கும் தாள் மட்டும் சொல்ல முடியாது. தமிழில் சாட்சி சொல்லி, தமிழில் தீர்ப்புப் பெறும் உரிமை நம் கீழமை நீதிமன்றங்களில் இருக்கிறது. அந்தத் தமிழைப் பேசும் வாழ்க்கையையும் நீதிபதி அறிந்திருக்க வேண்டும்.

ஆகவே சென்னை உயர் நீதிமன்றத்திடமும், புதிய நீதிபதிகளைப் பயிற்றுவிக்கும் மாநில நீதித்துறைப் பயிலகத்திடமும் இந்த மாவட்டத்துக்காரனாக ஒரு வேண்டுகோள் வைக்கிறேன். பயிற்சிக் காலத்தில் ஒரு பகுதியைக் கிராமத்தில் கழிக்க வையுங்கள். கிராம நிர்வாக அலுவலரின் அலுவலகத்தில் உட்கார்ந்து சிட்டாவையும் அடங்கலையும் படிக்கக் கற்றுக்கொள்ளட்டும். வன உரிமைச் சட்டத்தின்கீழ் பட்டா கேட்டுக் காத்திருக்கும் மலையூர் ஒன்றைப் போய்ப் பார்க்கட்டும். மாவட்ட உரிமையியல் நீதிமன்றங்களில் இடப் பார்வையிடலை அரிய விதிவிலக்காக வைக்காமல், நில வழக்குகளிலும் வன வழக்குகளிலும் இயல்பான நடைமுறையாக்குங்கள். தருமபுரி மாவட்டத்தில் பணியேற்கும் ஒவ்வொரு நீதிபதியும், ஒவ்வொரு மாஜிஸ்திரேட்டும், முதல் மாதத்திலேயே வாச்சாத்திக்கு ஒருமுறை போய்வர வேண்டும் என்று ஒரு சுற்றறிக்கை அனுப்புங்கள். அங்கே வழக்கு எதுவும் இல்லாத நாளில், எந்தத் தரப்பும் உடன் வராமல் போகட்டும். அரூரிலிருந்து பஸ் இருக்கிறது.